தோளைத் தட்டிய சமையல்காரி

இங்கிலாந்தில், டெவன் பக்கத்து ஸ்டோக்லி மாளிகையின் சமையல்காரி பெஸ்ஸி டக்கெட். கல்யாணம் ஆகாதவள்தான், ஆனாலும் சமையல்காரி என்றால் அங்கே 'மிஸஸ்' போட்டுத்தான் கூப்பிட வேண்டும். அடுப்படியில் வெந்தே நாற்பதைத் தொட்டவளுக்கு வருஷத்தில் இருந்த ஒரே சந்தோஷம், வேலைக்காரர்களுக்காக நடக்கும் புத்தாண்டு நடனம். முதல் ஆட்டத்தில் பிரபு சமையல்காரியோடும், பிரபுவின் மனைவி வேலைக்காரர்களுக்கெல்லாம் தலைவரான பட்லரோடும் ஆட வேண்டும். அது முறை. பிறகு பிரபு குடும்பம் மாடிக்குப் போய்விடும். இரண்டாவது ஆட்டத்துக்குப் பட்லர் ஹார்க்னஸ் வந்து பெஸ்ஸியிடம் கையை நீட்டுவார். அப்போதுதான் தொடுவார், அதுவும் கையுறையோடு. இந்தத் தடவையாவது மனிதர் வாய் திறப்பார் என்று ஒவ்வொரு வருஷமும் காத்திருந்தாள்.

உலகப் போர் முடிந்த மறுவருஷம் எல்லாவற்றிலும் மண் விழுந்தது. பிரபு புதிதாகக் கட்டிக்கொண்டு வந்த அமெரிக்காக்காரி லூயெலாவுக்கு மாடிக்குப் போக மனசே இல்லை. இரண்டாவது ஆட்டம், மூன்றாவது ஆட்டம் என்று ஹார்க்னஸை விடவேயில்லை. ஏதோ கேட்பதும் சிரிப்பதுமாக இருந்தாள். அவருக்குக் காதெல்லாம் சிவந்துபோனது. பெஸ்ஸிக்கு வயிறு எரிந்தது. மனைவியை விட்டுவிட்டு மாடியேற முடியாத பிரபுவும் வேறு வழியில்லாமல் பெஸ்ஸியோடே ஆடினார். இருவர் கண்ணும் ஒரே ஜோடிமேல். பிரபு அவள் காலை மிதித்தார். அவளும் பதிலுக்கு மிதித்தாள்.

அந்த நேரம் பார்த்து லூயெலாவின் தம்பி, ஒரு குதிரைக்காரனின் தோளைத் தட்டி, அவனோடு ஆடிய பெண்ணைத் தன் பக்கம் அழைத்துக்கொண்டான். குதிரைக்காரன் கையை ஓங்கிவிட்டான்.

"எங்க ஊர்ல தோளைத் தட்டினா ஜோடியை விட்டுக்கொடுத்துடணும். யாரும் கோவிச்சுக்கக் கூடாது" என்று லூயெலா சமாதானம் செய்தாள்.

பெஸ்ஸி பிரபுவின் கையை உதறிவிட்டு நேரே போய் எசமானியின் தோளைத் தட்டினாள். பிடில்காரன் வாசிப்பதை நிறுத்திவிட்டான். லூயெலாவோ சந்தோஷமாக ஒதுங்கி, இதை நீங்களல்லவா முதலில் செய்திருக்க வேண்டும் என்று புருஷனை இடித்துக் காட்டினாள்.

"அப்படி என்ன பேச்சு அவங்களோட?" என்று ஹார்க்னஸிடம் கேட்டாள் பெஸ்ஸி.

"மிஸஸ் டக்கெட்டை ஏன் இன்னும் கட்டிக்கலைன்னு கேட்டாங்க. விடாம அதையேதான் கேக்குறாங்க."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"உங்ககிட்ட கேக்கப் பயமா இருக்குன்னு சொன்னேன்."

ஈஸ்டர் கழித்துக் கல்யாணம் நடந்தது. பெஸ்ஸி நன்றாகத்தான் வாழ்ந்தாள். ஆனாலும் தன்னிடம் சொல்ல வேண்டியதை முதலில் எசமானியிடம் போய்ச் சொன்னாரே என்கிற எரிச்சல் மட்டும் சாகும்வரை அடங்கவில்லை.