ஜுர லீவும் நேயர் விருப்பமும்

மீஞ்சூர் ஆரோக்கியமேரிக்கு ரேடியோ என்றால் உயிர். அரசாங்க வானொலி ஒன்றுதான் என்றிருந்த காலத்தில் நேயர் விருப்பத்துக்குக் கார்டு போட்டே கை தேய்ந்தவள். கார்டு போய்ச் சேர்ந்து, அவர்களும் மனம் வைத்தால், என்றைக்காவது பெயரை வாசிப்பார்கள். அதுவும் பாதி நாள் ‘மற்றும் பலர்’ என்பதில் போய்விடும்.

அவள் நாற்று நட்ட வயல்கள் மறைந்து கம்பெனிகள் வந்தன. கும்மிடிப்பூண்டியில் ஒரு போல்ட் கம்பெனியின் பேக்கிங் பிரிவில் காண்ட்ராக்டில் சேர்ந்தாள். தனியார் எஃப்.எம். வந்த புதிது அது. போன் போட்டால் போதும், பாட்டு வரும் என்றார்கள். ஆனால் நிகழ்ச்சி காலையில், அவள் கம்பெனி பஸ்ஸில் போகும் நேரத்தில். கையில் செல்போன் ஏது? போதாக்குறைக்கு, வேலை நிரந்தரமாகிறவர்கள் பட்டியலில் அவள் பெயர் இருந்தது. அந்த நேரத்தில் லீவு போடுவதே வம்பு. ஆசை யாரை விட்டது? ஜுரம் என்று முந்தின நாளே சூப்பர்வைசர் தணிகைவேலிடம் சொல்லிவிட்டு, காலையில் எஸ்.டி.டி. பூத்தில் போய் நின்றாள்.

லைன் கிடைத்தது. பேக்கிங் பெண்கள் ஒருத்தி விடாமல் பெயர் சொல்லிப் பாட்டு கேட்டாள்.

“நீங்க வேலைக்குப் போகலையாக்கா?” என்றார் அறிவிப்பாளர், கூடப் பிறந்தவர் போல.

“ஜுரம்னு புருடா வுட்டுக்கினு வந்துகீறேன் தம்பி. இத மட்டும் வெட்டிடு!”

பதிவு செய்து, வேண்டாததை வெட்டிவிட்டு, பிறகுதான் ஒலிபரப்புவார்கள் என்றே நினைத்தாள். அரசாங்க வானொலி பழக்கிய பழக்கம். பேசப் பேச ஊருக்கே கேட்கும் என்பது அந்தப் பாவிக்குத் தெரியாது.

மறுநாள் கம்பெனி கேட்டிலேயே தணிகைவேல் நிறுத்தினார். “ஜுரம்னு முந்தாநாளே ஆபீஸ்ல நான் சொல்லிட்டேன். இல்லன்னு நீயே ரேடியோவுல சொல்ற. நான் இன்னாம்மா பண்ணட்டும்? லிஸ்ட்ல பேரை எடுத்துட்டாங்க.”

மேரி உள்ளே போய் போல்ட்டைப் பெட்டியில் அடுக்கினாள்.

சாப்பாட்டு நேரத்தில், பக்கத்து மேசைத் திலகவதி தேம்பிக்கொண்டே வந்தாள். “எல்லாம் எங்களாலதாங்கா. பஸ்ல ரேடியோ பாடிக்கினு இருந்திச்சு. சூப்பர்வைசர் நல்லா தூங்கிக்கினுதான் இருந்தாரு. நீ எங்க பேரச் சொல்லவும் நாங்க கைதட்டி, விசிலடிச்சு... அதுலதான் முழிச்சிக்கினாரு. அப்பால நீ சொன்னது மொத்தமும் கேட்டுட்டாரு.”

“விசிலா? யாருடி அடிச்சது?”

“எல்லாருந்தாங்கா.”

லிஸ்டில் பேர் போனதற்கு அழாத மேரி, அந்த விசிலுக்கு அழுதாள்.