ராட்டினம் நிற்காத மாலை

நிஜாம் ராஜ்யத்தில், சிகந்தராபாத் ரயில்வே காலனியில் நாங்கள் குடியிருந்தபோது, குழந்தைகள் விளையாட அப்பா ஒரு ராட்டினம் செய்து கொடுத்தார். அவர் ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டர். நடுவில் இரும்புக் கம்பம், அதைச் சுற்றித் தரையோடு தரையாகச் சுழலும் வட்டப் பலகை, பிடித்துக்கொள்ளக் கம்பத்திலிருந்து விளிம்பு வரை கம்பிகள். "ஒரு தள்ளு தள்ளினா பொழுது சாயற வரைக்கும் சுத்தும்" என்று பெருமையடித்துக்கொண்டு, அன்று புது கிரீஸ் வேறு தடவியிருந்தார்.

நானும் ஐந்து வயதுத் தம்பியும் ஒரு பக்கம், எதிர்ப்பக்கம் ரயில் கார்டு வீட்டுப் பெண். பெரிய பையன்கள் நாலு பேர் ஓடி ஓடித் தள்ளினார்கள். தம்பி வீறிட்டதும், அடி விழும் என்று பயந்து ஓடியே போனார்கள்.

அப்பா பாய்ந்து வந்து விளிம்பைப் பிடித்தார். ராட்டினம் அவரை இழுத்துத் தரையில் எறிந்தது. முழங்கையில் ரத்தம். விழுந்தபடியே கத்தினார்: "நடுவுக்கு வாங்க! கம்பத்தைக் கட்டிப் பிடிச்சுக்கோங்க!"

தம்பியை இழுத்துக்கொண்டு நகர்ந்தேன். அவளும் நகர்ந்தாள். நடுவுக்குப் போகப் போக ராட்டினம் பேய் பிடித்ததுபோல் வேகமெடுத்தது. வீடும் மரமும் ஒரே கோடாகிவிட்டன. தம்பியின் கை வழுக்கத் தொடங்கியது.

அப்போதுதான் சித்தியின் குரல் கேட்டது. அம்மாவின் தங்கை. மதராசில் பி.எஸ்ஸி. பௌதிகம் படித்துக்கொண்டிருந்தவள், லீவுக்கு எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாள். பெண்ணுக்கு எதற்குப் பௌதிகம் என்பது அப்பாவின் கட்சி.

"நடுவுல இருக்காதீங்க! எதிரெதிரா விளிம்புக்குப் போங்க! கம்பியை மட்டும் விட்டுடாதீங்க!"

"பைத்தியமா உனக்கு? தூக்கி எறிஞ்சிடும்!" என்றார் அப்பா.

கார்டு வீட்டுப் பெண் "நக்கோ, நக்கோ!" என்று, வேண்டாம் என்பதை ஊர் உருதுவில் சொல்லி அழுதாள். அப்பா பேச்சைக் கேட்டு வேகம் கூடியிருந்தது. அதனால் சித்தி பேச்சைக் கேட்டேன். என் யோசனை அவ்வளவுதான். தம்பியை மடியில் இடுக்கிக்கொண்டு, கம்பியைப் பற்றி அங்குலம் அங்குலமாக வெளியே நகர்ந்தேன். என்னைப் பார்த்து அவளும் நகர்ந்தாள். முதலில் உட்கார்ந்திருந்த இடத்தையும் தாண்டிப் போனோம். போகப் போக வேகம் தணிந்தது. எங்களைப் பிய்த்து எறியப் பார்த்த இழுப்பும் தளர்ந்தது. மரம் மறுபடி மரமானது. அப்பாவும் சித்தியும் ஆளுக்கொரு பக்கம் பிடித்து நிறுத்தினார்கள்.

"எப்படிம்மா இது?" என்றார் அப்பா, தம்பியை நெஞ்சோடு அணைத்தபடி. சித்தியை 'அம்மா' போட்டு அவர் கூப்பிட்டு அன்றுதான் கேட்டேன்.

"நடுவுக்குப் போனா வேகம் கூடும், விளிம்புக்குப் போனா குறையும், மாமா. தூரமும் வேகமும் சேர்ந்த கணக்கு மாறாது."

அந்த மாறாத கணக்குக்குக் கோண உந்தம் என்று பெயர்; அணுவுக்குள் இருக்கும் எலக்ட்ரானுக்கும் அது உண்டு; அங்கே அது ஒரு மாறிலியின் மடங்குகளாகப் படிப்படியாகத்தான் ஏறி இறங்கும். இதெல்லாம் பின்னாளில் நானே பௌதிகம் படிக்கப் போய்த் தெரிந்துகொண்டது.

சித்தி எங்கள் மூவரையும் தொட்டுத் தொட்டுப் பார்த்துச் சிரித்தாள். பிறகு, "கணக்கு தப்பியிருந்தா..." என்று முணுமுணுத்தபடி வேப்பமரத்தடிக்குப் போய்க் குனிந்து வாந்தி எடுத்தாள். சுற்றியது நாங்கள், அவளுக்கு ஏன் குமட்டியது என்று வீடு போய்ச் சேரும்வரை யோசித்துக்கொண்டே நடந்தேன்.