பேசினவங்கள்

ஊரில் என்னை அப்புக்காத்தர் என்பார்கள். வழக்கறிஞர் என்று சொன்னால் அங்கே பாதிப் பேருக்கு விளங்காது. கோர்ட்டில் வாய் வளர்த்தது போதாதென்று ஒரு தேர்தலில் மேடை ஏறி, பட்டின சபையில் ஒரு கதிரையும் பிடித்தேன். நீதவானாக வேண்டும் என்ற ஆசை மட்டும் மிச்சமிருந்தது. அதை ஜெர்மனி நிறைவேற்றி வைத்தது.

ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் வந்திறங்கிய என்னை, டுசல்டோர்ஃபுக்குப் பக்கத்தில் ஓர் அகதி விடுதியில் போட்டார்கள். ஹைம் என்பார்கள். மாடி முழுக்க எங்கள் ஊர் இளம் பெடியள், எல்லாருக்கும் ஒரே அடுப்படி. சட்டியைக் கருக்கியது யார், அடுத்தவனின் கோழிக்காலை எடுத்தது யார் என்று நாளுக்கொரு வழக்கு வரும்.

"நீதவான் அண்ணை, இதுக்கொரு தீர்ப்புச் சொல்லுங்கோ" என்று வந்து நிற்பார்கள். குற்றவாளிக்கு வெங்காயம் உரிக்கும் தண்டனை கொடுப்பேன். மேன்முறையீடு கிடையாது.

வழக்கில்லாத நேரமெல்லாம் நடைதான். வேலை செய்ய அனுமதி இல்லை, நகர எல்லையைத் தாண்டவும் அனுமதி இல்லை. சும்மா இருப்பதே சுகம் என்பார்கள். சொன்னவர் ஹைமில் இருந்து பார்த்திருக்க மாட்டார். விறாந்தையின் இந்தத் தொங்கலிலிருந்து அந்தத் தொங்கலுக்கு நடப்பேன். "அண்ணை, ஒருக்கா இருங்கோவன், எங்களுக்குத் தலை சுத்துது" என்று பெடியள் கத்துவார்கள். இருந்தால் கால் உளையும். படுத்தால் மனைவியின் முகம் வரும். அவள் பிள்ளைகளோடு ஊரில் இருந்தாள். என்னை அகதியாக ஏற்றுக்கொண்டால்தான் அவர்களைக் கூப்பிடலாம். அதற்கொரு விசாரணை உண்டு, அதற்கு நாள் குறித்து வரும் டெர்மினுக்காகத்தான் அத்தனை நடையும்.

ஒருவழியாக டெர்மின் வந்தது. மேசைக்கு அந்தப் பக்கம் ஜெர்மன் அதிகாரி இருந்தார். மொழிபெயர்க்க வந்தவள் தமிழ்நாட்டுப் பெண், பல்கலைக்கழகத்தில் படிப்பவள். "டென்ஷன் ஆகாதீங்க சார், மெதுவா சொல்லுங்க" என்றாள். நல்ல பிள்ளை.

ஆமி வீட்டுக்கு வந்ததைச் சொன்னேன். "முத்தத்திலை இருத்திப்போட்டு, பொழுதுபடுமட்டும் என்னைப் பேசினவங்கள். என்ரை மனிசிக்கு முன்னாலை."

அவள் ஜெர்மனில் சொல்ல, அதிகாரி தட்டச்சில் அடித்தார். எழுதியதைக் கடைசியில் எனக்குத் தமிழில் திருப்பிச் சொல்ல வேண்டும் என்பது முறை. அவள் சொன்னாள்: "ராணுவத்தினர் வந்து வாசல்ல உட்கார வைச்சு, சாயங்காலம் வரைக்கும் இவரோட பேசிட்டிருந்தாங்க. மனைவியும் கூட இருந்தாங்க."

தேத்தண்ணி குடிக்காததுதான் குறை. எனக்குக் கொதி ஏறியது.

"பிள்ளை, பேசினது எண்டால் கதைச்சது இல்லை. எங்கடை ஊரிலை பேசிறது எண்டால் திட்டுறது!"

அவள் முகம் செத்துப்போனது. அவசரமாக அதிகாரிக்கு விளக்கினாள். அவர் தட்டச்சிலிருந்து தாளை எடுக்காமலே ஏதோ கேட்டார்.

"என்ன சொல்லித் திட்டினாங்கன்னு கேக்கிறார், சார்" என்றாள். "அந்த வார்த்தைகளை அப்படியே சொல்லணுமாம்."

அரைகுறைத் தமிழில் ஆமிக்காரர்கள் சொன்னதெல்லாம் என் மனைவியைப் பற்றியது. அதற்குப் பிறகு நானும் அவளும் அதைப் பற்றி ஒரு நாளும் கதைத்ததில்லை. அந்தச் சொற்களை நினைக்கவே எனக்கு வெட்கமாக இருந்தது. எழும்பி நடக்க வேண்டும் போலிருந்தது. கதிரையை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். வாயை மூடிக்கொண்டால், ஆமி வந்து நாலு வார்த்தை பேசிவிட்டுப் போனது என்றுதான் தாளில் கிடக்கும்.

சொன்னேன். மகள் வயதுப் பெண்ணின் முகத்தைப் பார்க்காமல், ஒவ்வொரு சொல்லாக, எல்லாவற்றையும் சொன்னேன்.

அதிகாரி அவளைப் பார்த்தார். அவள் என் பக்கம் திரும்பினாள்.

"இதை நான் ஜெர்மன்ல சொல்லட்டுமா, சார்?"

"சொல்லு பிள்ளை" என்றேன். "ஒண்டையும் விடாமல் சொல்லு. என்ரை மனிசி இஞ்சை வரவேணும்."