செல்வின் பொருத்திய ஒலி

செல்வின் ஜெபராஜ் இறந்த செய்தி நம் தமிழ்ச் சங்கத்து வாட்ஸ்அப்பில் வந்தது. கும்பிட்ட கைகள் வரிசையாக விழுந்தன. பத்தாவது நிமிடமே பாட்லக் விருந்துக்கு யார் பிரியாணி கொண்டுவருவது என்ற பேச்சு. குற்றம் சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. நானும் ஒரு கும்பிடு போட்டுவிட்டு மீட்டிங்குக்குப் போனவன்தான்.

ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் மருந்துக் கம்பெனி வேலை போக, மிச்ச நேரமெல்லாம் அவருக்கு ஒரே காரியம், ஒரு பழைய படத் துண்டு. பேசும் படம் வந்த புதிதில், ஒரு நாடகக் குழு மேடையில் ஆடிப் பாடியதை யாரோ சோதனையாகப் பிடித்த ஒன்பது நிமிடத் துண்டு அது. படம் தனிச் சுருளில், ஒலி தனி இசைத்தட்டில். சுருள் பல இடங்களில் அறுந்து ஒட்டப்பட்டதால் இரண்டும் ஒத்துப்போகாது. இரண்டின் நகலையும் தேடிப் பிடித்து, கம்ப்யூட்டரில் ஆறு வருடம் உட்கார்ந்து பொருத்தினார். ஆடுகிறவளின் பாதம்தான் அவருக்கு அளவு. "கால் தரையில விழுதப்போ சலங்க கேக்கணும்லா? அப்பந்தான் அவ ஆடுதா. இல்லன்னா வெறும் படம்" என்பார்.

பொங்கல் விழாவில் அதைத் திரையிட்டோமே, நினைவிருக்கிறதா? முதல் நிமிடத்திலேயே சங்கத் தலைவர் என் காதில், "செம நாய்ஸா இருக்கு, கிட்ஸ் எல்லாம் ரெஸ்ட்லெஸ் ஆகுறாங்க. மியூட் பண்ணிட்டு ஏதாவது வீணை மியூசிக் போடுங்க" என்றார். ஒலி மிக்ஸரில் இருந்தவன் நான். போட்டேன். நீங்களும் கைதட்டினீர்கள். மூன்றாம் வரிசையில் செல்வின் திரையைப் பார்க்காமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சண்டை போட்டிருந்தால் தேவலை. பார்க்கிங்கில் என்னிடம் வந்து, "ஒருநா வீட்டுக்கு வாரும், முழுசாக் கேளும்" என்றார், அவ்வளவுதான். பிறகு இரண்டு முறை போனிலும் கூப்பிட்டார். அடுத்த வீக்கெண்ட், அடுத்த வீக்கெண்ட் என்றே தட்டிக் கழித்தேன். அவர் முகத்தைப் பார்க்கக் கூச்சம்.

அடக்கம் முடிந்த மறுநாள் போனேன். அவர் மனைவி மெர்சி லேப்டாப்பைத் திறந்து வைத்தார். இரைச்சல் இருந்தது, மறுக்கவில்லை. அதற்குள்ளிருந்து சலங்கை ஒவ்வொரு அடிக்கும் சரியாக விழுந்தது. பாட்டுக்கு நடுவே அவள் மூச்சு வாங்குவதுகூடக் கேட்டது. இதைத்தான் வீணையால் மூடியிருக்கிறேன்.

"ஆஸ்பத்திரில கெடக்கும்போது இவங்க, நீங்க வீட்டுக்கு வந்து கேட்டீங்களான்னு கேட்டாங்க. ஆமா, முழுசாக் கேட்டீங்கன்னு சொல்லிட்டேன்" என்றார் மெர்சி.

இப்போது தலைவர், செல்வினுக்கான அஞ்சலி வீடியோவுக்கு என்னிடம் பின்னணி இசை கேட்கிறார். வேறு ஆளைப் பாருங்கள். செல்வினிடமிருந்து எனக்கு மிஞ்சியது மெர்சி சொன்ன அந்தப் பொய்தான். நான் அதை உண்மையாக்கியபோது அவர் மண்ணுக்குள் இருந்தார்.