தங்கை நடந்து வரும் பாட்டு

தங்கையின் கல்யாணத்துக்கு முதல் நாள் மாலை, மலேசியாவின் சிகாமட் ஊர் மண்டபத்தில் அவள் மணமேடைக்கு நடந்து வரும்போது ஒலிக்க வேண்டிய பாட்டைப் போட்டுப் பார்த்தோம். பழைய காதல் பாட்டுதான். வேகத்தைக் குறைத்து, எதிரொலி சேர்த்து நான் செய்த பதிப்பு அது. வேகம் குறைந்தால் குரல் தாழ்ந்து கனக்கும். ஹெட்போனில் கேட்டால் பாடகி பக்கத்து அறையில் தனியாகப் பாடுவதுபோல் இருக்கும். தங்கைக்குப் பிடித்ததும் அதுதான்.

மண்டபத்தில் ஒரு சொல்கூடப் புரியவில்லை.

“அண்ணே, கிணத்துக்குள்ள விழுந்து கத்துற மாதிரி இருக்கு லா,” என்றாள். “இந்தப் பாட்ட எடுத்ததே அந்த ரெண்டாவது வரிக்குத்தான். அவருக்கு அது கேக்கணும்.”

தகரக் கூரையும் வெறும் சுவரும் உள்ள மண்டபத்துக்கு ஏற்கெனவே எதிரொலி உண்டு. ஹெட்போனோடு அறையில் உட்கார்ந்து வேலை செய்த எனக்கு அது தோன்றவில்லை. மடிக்கணினியைத் திறந்து, நான் சேர்த்த எதிரொலியை முழுக்க எடுத்தேன். வேகத்தை மட்டும் அப்படியே விட்டேன்.

மறுநாள் ஆட்கள் நிறைந்ததும் மண்டபத்தின் எதிரொலியும் பாதி அடங்கிவிட்டது. தங்கை பாதி வழி வந்திருந்தாள். இரண்டாவது வரி சொல் சொல்லாகக் கேட்டது. ஐயர் சொன்னதைச் செய்துகொண்டிருந்த மாப்பிள்ளை, கையை நிறுத்திவிட்டுத் தலையைத் தூக்கிப் பார்த்தார்.