டெய்லரம்மா சொன்ன படம்

தெருவில் அவளுக்கு டெய்லரம்மா என்றுதான் பெயர். வீட்டு முன்னறையில் மெஷின் போட்டுப் பள்ளிச் சீருடைகள் தைத்தாள். கணவர் பஸ் டிரைவர். டெப்போவில் வண்டி கிளம்பும்வரை ஸ்டீயரிங்கில் சாய்த்து வைத்து மொழிபெயர்ப்பு நாவல்களாகப் படித்துத் தள்ளியவர். கண்ணில் அழுத்தம் ஏறிப் பார்வை போனதும் பஸ்ஸும் போயிற்று, புத்தகமும் போயிற்று.

நூலக மாடியில் பழைய பிரெஞ்சுப் படம் ஒன்று போடுவதாக மகள் சொன்னாள். அதிகம் பேர் கேள்விப்படாத படம். எந்த நாவலிலிருந்து எடுத்தது என்று தெரிந்ததும் டிரைவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஒரு படகுக்காரன், அவன் மனைவி இருவரின் கதை. அவருக்குக் கிட்டத்தட்ட மனப்பாடம்.

“நான் போய் என்னத்தப் பாக்கப் போறேன்?”

“நான் பாத்துச் சொல்றேன். சட்டைய மாத்துங்க.”

அங்கே போனால் வேறு கூத்து. வந்திருந்த பிரதியில் மொழிபெயர்ப்பு வரிகளே இல்லை. பேசுவது ஒருவருக்கும் விளங்கவில்லை. கடைசி வரிசையில் டெய்லரம்மா கணவரின் காதில் கிசுகிசுத்தாள்.

“அந்தப் பொண்ணு கோட்டுல ஒரு பட்டன் இல்ல. வேற கலர் நூல்ல கை தச்சிருக்கா. ஆத்தையே பாக்கறா.”

“அப்ப, டவுனுக்குப் போயிடலாம்னு கெஞ்சறா. அவன் மசிய மாட்டான்.”

முன்வரிசைக்காரர் சட்டென்று திரும்பினார். டெய்லரம்மா கையெடுத்துக் கும்பிட்டாள்.

“மன்னிச்சுக்கங்க சார், நிறுத்திடறோம்.”

“ஐயோ, வேணாம்மா! கொஞ்சம் சத்தமாச் சொல்லுங்க. எங்களுக்கு ஒண்ணுமே புரியல.”

அப்புறம் அவள் கண்டதைச் சொன்னாள், அவர் பேச்சைச் சொன்னார். கூடமே காது கொடுத்தது. படகுக்காரன் கோபித்துக்கொண்ட இடத்தில் டிரைவர் போட்ட சத்தத்தில் ஒரு குழந்தை வீறிட்டது.

முடிவு நெருங்கியதும் அவர் முந்திக்கொண்டார். “இப்ப அவ படகேறிப் போயிடுவா. அவன் கூப்பிடக்கூட மாட்டான்.”

“ஏறிட்டா.” டெய்லரம்மா நாற்காலி நுனிக்கு நகர்ந்தாள்.

“என்னாச்சு?”

“இறங்கறா. பெட்டியக் கரையில வச்சுட்டு அவன் பக்கத்துல உக்காந்துட்டா.”

“கதை விடாத. என் மனசு நோகக் கூடாதுன்னு சொல்ற.”

“நிஜம்தான் சார்,” என்றார் முன்வரிசைக்காரர். “கையக்கூடப் புடிச்சுக்கிட்டாங்க.”

“புத்தகத்துல இப்படி இல்லையே,” என்று முணுமுணுத்த டிரைவர், இருட்டில் துழாவி மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டார். விளக்கு போட்ட பிறகும் விடவில்லை.

எது சரியான முடிவு என்று வீடு வரைக்கும் சண்டை. அடுத்த மாதப் படத்துக்கும் வரச் சொல்லியிருந்தார்கள்.

“அது நான் படிக்காத கதையா இருந்தா?” என்றார் அவர்.

“இருந்தா என்ன? ரெண்டு பேருமாச் சேந்து பாத்துக்கலாம்.”