மேலே இருந்து வந்த நத்தைகள்

நாற்றுப்பண்ணை வைத்திருப்பவர்களுக்கு இரண்டு தொல்லைகள்: ஒன்று பூச்சி, இன்னொன்று அந்தப் பூச்சியைப் பற்றி செல்போனில் வீடியோ பார்த்தவர்கள். குன்னூரில் ஒரு சரிவின் அடியில் இருக்கிறது என் பண்ணை. எனக்கு மேலே படிப்படியாக வீடுகள், ஒவ்வொரு வீட்டுக்கும் நடுவே ஒரு கல்சுவர். மே மாத மலர்க் கண்காட்சிக்கு முன்னால் வீட்டுத் தோட்டப் போட்டி நடக்கும். அதற்காக மேல்வீட்டுக்காரர்கள் என்னிடம் வாங்கும் பூந்தொட்டிகள்தான் எனக்கு வருஷம் முழுக்கச் சோறு. ஒரே ஒரு செடியாவது வளர்த்து, காலையில் எழுந்து அதை மொட்டையாகப் பார்த்தவர்களுக்கு நான் ஏன் இப்படிக் கொதிக்கிறேன் என்று புரியும்.

அமெரிக்காவிலிருந்து ஓர் எச்சரிக்கை

உச்சி வீட்டு ராமசாமி சார் ஓய்வு பெற்ற பேங்க் மேனேஜர். மூன்று வருஷமாகப் போட்டியில் முதல் பரிசு அவருக்குத்தான். ஒரு நாள் மாத்திரை டப்பாவில் நசுங்கிய ஏதோ ஒன்றைக் கொண்டு வந்தார். அவர் மகள் அமெரிக்காவில் இருக்கிறாள். அங்கே லேன்டர்ன் ஃப்ளை என்று ஒரு பூச்சி மரங்களின் சாற்றை உறிஞ்சி நாசம் செய்கிறதாம், கண்டால் மிதித்துவிட வேண்டுமாம். வீடியோ அனுப்பியிருந்தாள். சாம்பல் இறக்கையில் கரும்புள்ளிகள், உள் இறக்கை சிவப்பு. சார் மிதித்து எடுத்து வந்ததோ நம் ஊர் விட்டில். அதில் புள்ளியும் இல்லை, சிவப்பும் இல்லை.

"அந்தப் பூச்சி இங்கே இல்லை சார், இதைப் பாருங்கள்" என்று அவர் மாற்று மண் கேட்டு எடுத்து வந்திருந்த டேலியா தொட்டியைத் திருப்பிக் காட்டினேன். உள்ளங்கை நீளத்தில் ஓர் ஆப்பிரிக்க நத்தை ஒட்டிக்கொண்டிருந்தது. கூரான ஓடு, ஓட்டில் பழுப்புக் கோடுகள். இதுவும் வெளிநாட்டிலிருந்து வந்ததுதான், கிடைத்த இலையை எல்லாம் தின்னும் என்று சொன்னேன். சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே சொன்னார்:

"அம்மிணி, நத்தையெல்லாம் பூச்சியில சேராதுங்க."

கோணிச் சாக்கு வைத்தியம்

நடுவீட்டு ஸ்டெல்லா டீச்சர் நல்லவர். சொன்னதைக் கேட்டுக்கொள்வார். சாயந்திரம் கோணிச் சாக்கை நனைத்துப் பாத்தி ஓரத்தில் போட்டு, அடியில் முட்டைக்கோஸ் இலை வையுங்கள்; காலையில் நத்தைகள் அங்கே கூடியிருக்கும்; கையுறை போட்டுப் பொறுக்கி, உப்புக் கரைத்த வாளியில் போட்டு, பிறகு புதையுங்கள் என்றேன். பாத்தியிலேயே உப்பைத் தூவினால் செடி செத்துப்போகும் என்பதையும் சொன்னேன்.

ஒரு வாரம் கழித்து, வாளி நிறையக் கிடைத்ததா டீச்சர் என்று கேட்டேன். நிறையக் கிடைத்ததாம். உப்பு எவ்வளவு போட்டீர்கள் என்றதும் முகம் வாடிவிட்டது.

"சாந்தி, பாவம், அதுவும் ஒரு உசிருதானுங்களே. போய்ப் பொழைச்சுக்கட்டும்னு சுவத்துக்குக் கீழ விட்டுட்டேனுங்க."

சுவருக்குக் கீழே என்றால் என் பண்ணை.

நிழல்வலையில் பழுத்தவை

அன்றே போய், நாற்றுகளுக்கு மேலே வெயில் படாமல் கட்டியிருக்கும் என் நிழல்வலையை அண்ணாந்து பார்த்தேன். மாங்காய் பழுத்துத் தொங்குவது போல வலை அங்கங்கே தொய்ந்து கிடந்தது. எல்லாம் நத்தை. வலையிலிருந்து இறங்கியவை மூன்று மாதம் வளர்த்த பெட்டூனியா நாற்றுகளைத் தண்டு மட்டும் மிச்சம் வைத்துத் தின்றிருந்தன. நாற்றுத் தட்டுகள் வரிசையாகக் காலி. உட்கார்ந்து அழுதேன், மறைப்பானேன்.

டீச்சர் ஒருவரால் இத்தனை வராது. அழுது முடித்துப் படியேறினேன். நான் போன நேரம் ராமசாமி சார் முறத்தில் அள்ளிய நத்தைகளைச் சுவருக்கு அப்பால் வீசிக்கொண்டிருந்தார். அது டீச்சர் வீட்டுப் பக்கம். டீச்சர் அதைப் பொறுக்கி என் பக்கம் விடுவார். என்ன சார் இது, என் பிழைப்பே போகிறதே என்று கத்தினேன். அவர் முறத்தைத் தட்டி உதறினார்.

"சுவத்தைத் தாண்டிட்டா அது எங்க நத்தை இல்லைங்களே அம்மிணி."

புதைத்த தொட்டிகள்

எங்கள் ஊர்ப் போட்டித் தோட்டங்களின் ரகசியம் ஒன்று சொல்கிறேன். நடுவர்கள் வருவதற்கு ஒரு வாரம் முன்னால், பூத்த தொட்டிகளை வாங்கி, விளிம்பு தெரியாமல் மண்ணில் புதைத்துவிடுவார்கள். தோட்டமே பூத்துக் குலுங்கியது போல இருக்கும்.

இந்த வருஷம் யாருக்கும் உடனே தொட்டி தர மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். தப்பிய தொட்டிகளின் மண்ணைக் கிளறியபோது, வேகாத ஜவ்வரிசி போல நத்தை முட்டைகள் கிடைத்தன. ஒவ்வொன்றாகக் கொட்டிப் பார்த்துத்தான் தருவேன் என்றேன். யாரும் நம்பவில்லை. நல்ல பூவை எல்லாம் வேறு யாருக்கோ ஒதுக்கி வைக்கிறேன் என்று பேச்சு. நான் சந்தைக்குப் போயிருந்தபோது ராமசாமி சார் ஆள் வைத்து எட்டுத் தொட்டிகளைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். காசைக் கல்லுக்கு அடியில் வைத்துவிட்டு, போனில் சொன்னார்:

"கேட்டா நீங்க குடுக்க மாட்டீங்க, அதனாலதானுங்க கேக்கல."

நடுவர் குனிந்தபோது

ராமசாமி சார் என் எட்டுத் தொட்டிகளைப் புதைத்திருந்த சால்வியா பூப்பாத்தியில் நடுவர் அம்மா குனிந்து நிமிர்ந்தபோது அவர் புடவை முந்தானையில் நத்தை ஏறியிருந்ததாம். பரிசு போய்விட்டது. அன்று மத்தியானமே தெரு வாட்ஸ்அப் குரூப்பில் என் பண்ணையின் படம். கீழே ராமசாமி சார் எழுதியிருந்தார்: இங்கே தொட்டி வாங்காதீர்கள், ஊர் முழுக்க நத்தை பரப்புவது இவர்கள்தான். சீசன் முழுக்க ஒரு வண்டிகூட என் வாசலில் நிற்கவில்லை.

அந்தப் படம் வந்த நான்காம் நாள் காலையில் ஸ்டெல்லா டீச்சர் கையுறையும் உப்புத் தண்ணீர் வாளியுமாகப் படியிறங்கி வந்தார். என் தட்டுகளுக்கு நடுவே உட்கார்ந்து பொறுக்க ஆரம்பித்தார். அரை வாளி நிரம்பிய பிறகு தலை நிமிராமல் சொன்னார்:

"இதுல பாதி நான் விட்டதுங்க சாந்தி, குரூப்புல மட்டும் சொல்லிறாதீங்க."

கீழே வீசிய நத்தை திரும்ப மேலே ஏற ஒரு சீசன் ஆகிறது, பழி கீழே இறங்க ஒரு மத்தியானம் போதும்.